பிறந்த நாளும் ஓய்வு பெறும் நாளும்

(திருவண்ணாமலையில் நடைபெற்ற நம் சங்கத்தின் மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



சென்ற கூட்டத்தில் அருணகிரிநாதரின் சந்தங்களைப் பற்றிப் பேசிய யாம் இன்றும் அத்தகைய பொருள் ஒன்றையே எடுத்துக்கொள்வோம் என்று எண்ணிச் சிலர் வந்திருத்தல் கூடும். அவர்கள் எம்மைப் பொறுத்தருள்க. அரசாங்க உத்தியோகஸ்தர்களின் சம்பள உயர்வு, பதவி உயர்வு, ஓய்வூதியம் ஆகியவை பற்றி எழும் வழக்குகளைக் குறித்துப் பேசுமாறு நம் செயலாளர் அவர்கள் எம்மைப் பணித்தார். “யாம் வழக்கறிஞர் அல்லேம்; இலக்கணம் சொல்லிக் கொடுப்பவனுக்கு இதில் என்ன வேலை?” என்று கேட்டோம். “ஐயா, பள்ளிக்கூடத்துப் பதிவேட்டில் பிறந்த தேதியை எழுதுகிறவர்கள் நீங்கள்தாமே?” என்று அவர் சிரித்துக்கொண்டே சொன்னார். அவர் விளையாட்டாகச் சொன்ன அச்சொல் எம்மைத் தைத்தது. தைத்த காரணத்தைப் பின்னர்ச் சொல்வோம்.

முதலில் சொல்லைப் பார்ப்போம். இது எம் தொழிற் பழக்கம். இன்று ‘ஓய்வூதியம்’ என்று வழங்குவதை நம் பாட்டனார் காலத்தில் ‘உபகாரச் சம்பளம்’ என்றனர். உபகாரமாவது ஒருவர் மனமுவந்து செய்யும் உதவி. மனம் வந்தால் கொடுப்பர், வாராவிடின் நிறுத்துவர், கேட்டுப் பெறும் உரிமை அதில் இல்லை. அச்சொல்லுக்குள்ளே ஒரு பெரிய வழக்கு அடங்கிக் கிடந்தது. பீகார் அரசின் கீழ்ப் பணியாற்றிய தேவகிநந்தன் பிரசாத் என்பார் தொடுத்த வழக்கில், 1971-ஆம் ஆண்டு, ஓய்வூதியம் அரசின் விருப்பத்தைப் பொறுத்த கொடையன்று, பணியாற்றியவரின் உரிமைப் பொருளே என்று உச்சநீதிமன்றம் தீர்த்தது. 1982-ஆம் ஆண்டு டிசம்பர் 17-ஆம் நாள், நகாரா என்பார் வழக்கில், ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு அதனை இன்னும் விரித்து உறுதி செய்தது. அந்த டிசம்பர் 17-ஆம் நாளையே ஓய்வூதியர் நாளாக இன்றும் கொண்டாடுகின்றனர். ‘உபகாரம்’ போய் ‘ஊதியம்’ வந்தது வெறும் மொழித்தூய்மை பற்றிய மாற்றம் என்று நினைத்தல் வேண்டா. வள்ளுவர் காலத்தில் ஊதியம் என்பதற்கு இலாபம் என்பதே பொருளாயினும், இன்று உழைப்பிற்கு உரிய பயன் என்னும் பொருளில் அது நிலைபெற்றுவிட்டது. நம் வீட்டுப் பெரியவர்களில் சிலர், ‘சர்க்கார் ஏதோ போடுகிறது, வாங்கிக்கொள்கிறோம்’ என்று இன்றும் சொல்வதைக் கேட்கிறோம். அந்தப் பணிவினாலேயே பலர் தமக்கு உரியதை இழந்தனர் என்பதற்கு ஒரு வழக்கை எடுத்துக் காட்டுவோம்.

அவ்வழக்கு ஒரே ஒரு நாளைப் பற்றியது.

மத்திய அரசின் உத்தியோகஸ்தர் ஒருவர் 60 வயது நிறைவெய்தும் மாதத்தின் கடைசி நாள் மாலையில் ஓய்வு பெறுகிறார். ஆண்டுதோறும் அடிப்படைச் சம்பளத்தில் நூற்றுக்கு மூன்று வீதம் உயர்வு உண்டு. முன்னெல்லாம் அவரவர் பணியில் சேர்ந்த மாதத்தை ஒட்டி உயர்வு நாள் வேறு வேறாக இருந்தது. 6-ஆவது ஊதியக் குழுவிற்குப்பின் வந்த 2008-ஆம் ஆண்டு விதிகள் எல்லார்க்கும் ஜூலை 1 ஒன்றையே உயர்வு நாளாக்கின. ஜூன் மாதத்தில் பிறந்தவர் ஜூன் 30 மாலை ஓய்வு பெறுவார். சென்ற ஜூலை முதல் இந்த ஜூன் முடியப் பன்னிரண்டு மாதமும் குறைவின்றி வேலை செய்திருப்பார். அவ்வேலைக்கான உயர்வோ மறுநாட் காலையில்தான் பிறக்கும். மறுநாள் அவர் உத்தியோகஸ்தர் அல்லர். ஆகவே அவருக்கு உயர்வு இல்லை என்று அலுவலகங்கள் சொல்லிவந்தன.

சுங்கம், கலால் துறையில் உயர்ந்த பதவி வகித்துச் சென்னையில் 2013-ஆம் ஆண்டு ஜூன் 30-இல் ஓய்வு பெற்ற அய்யம்பெருமாள் என்பார் இதனை ஒப்புக்கொள்ளவில்லை. மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தை நாடினார். 2017-ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில் அது அவர் மனுவைத் தள்ளியது. அவர் சென்னை உயர்நீதிமன்றத்திற்குச் சென்றார். அவ்வாண்டு செப்டம்பர் 15-ஆம் நாள் உயர்நீதிமன்றம் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. 1-7-2012 முதல் 30-6-2013 முடிய ஓராண்டு முழுதும் பணியாற்றியவர் ஆதலின், ஓய்வூதியத்தைக் கணக்கிடும் பொருட்டு அவ்வுயர்வைப் பெற்றவராகவே அவரைக் கருதுதல் வேண்டும் என்பது தீர்ப்பு. இதற்கு வழிகாட்டியாக நின்றது நம் மாநிலத்து வழக்கே. 31-3-2003-இல் ஓய்வு பெற்று ஏப்ரல் 1-இல் வரவேண்டிய உயர்வை இழந்த தமிழக அரசு ஊழியர் ஒருவருக்கு, 2012-ஆம் ஆண்டிலேயே சென்னை உயர்நீதிமன்றம் இவ்வாறு தீர்த்திருந்தது. அதன்பின் 2014-ஆம் ஆண்டு டிசம்பர் 31-ஆம் நாள் தமிழக அரசு பொது ஆணை ஒன்றையே பிறப்பித்து, உயர்வு நாளுக்கு முன்னாளில் ஓய்வு பெறுவோர்க்கு ஓய்வூதியத்தின் பொருட்டு அவ்வுயர்வைக் கணக்கிற் சேர்க்க இசைந்தது.

ஆயினும் எல்லா நீதிமன்றங்களும் ஒருமுகமாக இருந்தன அல்ல. ஆந்திர உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வு, 2005-ஆம் ஆண்டு, உயர்வு நாளில் பணியில் இல்லாதவருக்கு உயர்வு இல்லை என்று நேர்மாறாகத் தீர்த்திருந்தது. ஈண்டு இலக்கணம் கற்றோர் ஒன்றை நினைத்துப் பார்க்கலாம். ஊறுகாய் என்பது வினைத்தொகை. ஊறிய காயா, ஊறுகின்ற காயா, ஊறும் காயா என்பதைச் சொல் காட்டாது. காலம் உள்ளே மறைந்து நிற்கும். ஆண்டு உயர்வு என்பதும் அத்தகையதாகவே விதிகளில் நின்றது. செய்த வேலைக்கு உயர்வா, செய்யப்போகும் வேலைக்கு உயர்வா? செய்யப்போகும் வேலைக்கு என்றது ஒரு கட்சி. செய்த வேலைக்கு என்றது மற்றொரு கட்சி. சென்னை உயர்நீதிமன்றம் இறந்தகாலமாக விரித்துப் பொருள் கொண்டது. எம்முடைய வகுப்பில் ஒரு மாணவன் இவ்வளவு தெளிவாகத் தொகையை விரித்திருந்தால் அவனுக்கு முழு மதிப்பெண் வழங்கியிருப்போம்.

மத்திய அரசு மேல்முறையீடு செய்தது. 2018-ஆம் ஆண்டு ஜூலை 23-இல் உச்சநீதிமன்றம் அதனைத் தள்ளியது. மறுபரிசீலனை மனுவையும் 2019-ஆம் ஆண்டு ஆகஸ்டு 8-இல் தள்ளியது. ‘இனிக் கவலையில்லை, எல்லார்க்கும் கிடைத்துவிடும்’ என்று நீங்கள் நினைப்பீர்கள். நினைத்தவர்கள் ஏமாந்தனர். அத்தீர்ப்பு அய்யம்பெருமாள் ஒருவரையே சாரும், பிறரைச் சாராது என்று அலுவலகங்கள் மறுமொழி எழுதின.

இவ்விடத்தில் எமக்குத் தெரிந்த இரு பெரியவர்களைப் பற்றிச் சொல்ல வேண்டும். இருவரும் நம்மவர், ஒரே மத்திய அலுவலகத்தில் வேலை பார்த்து ஒரே ஜூன் 30-இல் ஓய்வு பெற்றவர்கள், விடியற்காலையில் சேர்ந்தே கிரிவலம் வருவோர். 2020-ஆம் ஆண்டு அக்டோபர் மாதத்தில் ஒருவர் தீர்ப்பாயத்தில் மனுச் செய்தார். மற்றவர் அலுவலகத்திற்கு ஒரு கடிதம் எழுதி, மேற்சொன்ன மறுமொழியைப் பெற்று, அதனை மடித்துப் பெட்டியில் வைத்துவிட்டார். “சர்க்காரோடு வழக்காடி யார் வென்றார், தம்பி? கோர்ட்டுப் படி ஏறாமலே இத்தனை வருஷம் கழித்துவிட்டேன்” என்று எம்மிடம் கூறினார். அவரிடம் மேலும் பேசும் துணிவு அன்று எமக்கு இல்லை. வயதில் எம் தந்தையாரை ஒத்தவர்.

பின் நிகழ்ந்ததைக் கேளுங்கள். கர்நாடக மின்பரிமாற்றக் கழகத்தின் ஊழியர் ஒருவர் வழக்கில், 2023-ஆம் ஆண்டு ஏப்ரல் 11-இல், உச்சநீதிமன்றம் விரிவான காரணங்கள் கூறி, ஓராண்டுப் பணிக்குரிய உயர்வு ஓய்வு பெற்றார்க்கும் உரியதே என்று முடிவு செய்தது. அம்முடிவை யார் யாருக்கு எந்த நாளிலிருந்து கொடுப்பது என்னும் பூசல் மீண்டும் எழுந்தது. 2025-ஆம் ஆண்டு பிப்ரவரி 20-ஆம் நாள் உச்சநீதிமன்றம் அதற்கும் விடை வகுத்தது. வழக்குத் தொடராதவர்களுக்கு உயர்ந்த ஓய்வூதியம் 1-5-2023 முதல்தான். அதற்கு முற்பட்ட பாக்கி இல்லை. அந்த 2023-ஆம் ஆண்டுத் தீர்ப்பிற்கு முன்னரே மனுச் செய்திருந்தவர்களுக்கு, மனுச் செய்த மாதத்திற்கு முந்திய மூன்று ஆண்டுகளுக்கும் பாக்கி உண்டு.

கணக்கின் எளிமைக்காகக் கடைசி அடிப்படைச் சம்பளம் 60,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். உயர்வு 1,800, ஓய்வூதியம் சம்பளத்திற் பாதியாதலின் மாதம் 900 ரூபாய் கூடும். 2020 அக்டோபரில் மனுச் செய்தவர் 2017 அக்டோபர் முதல் பெறுவார். செய்யாதவர் 2023 மே முதல் பெறுவார். இடையில் 67 மாதம். அகவிலை நிவாரணம் நீங்கலாகவே 60,300 ரூபாய். ஒரே நாற்காலி வரிசையில் இருந்து ஒரே வேலை செய்து ஒரே நாளில் எழுந்து போன இருவர்க்கு இவ்வளவு வேற்றுமை.

தம் உரிமைமேல் உறங்கினோர்க்கு உதவ இயலாது என்பது நீதிமன்றங்கள் நெடுநாளாகச் சொல்லிவருவது. பிறர் வழக்காடி வெல்லும் வரை மதில்மேற் பூனையாக இருந்துவிட்டுப் பின் ஓடிவந்து பங்கு கேட்பவர்களைப் பற்றி 2014-ஆம் ஆண்டு உத்தரப் பிரதேச வழக்கொன்றில் உச்சநீதிமன்றம் இதனை வகுத்துரைத்தது. ஆனால் அதே தீர்ப்பில், ஒருவருக்குக் கிடைத்த பயனை அவரை ஒத்த நிலையிலுள்ள பிறர்க்கும் தருதலே பொதுவிதி, மற்றது விலக்கு என்றும் சொல்லியிருக்கிறது. அலுவலகங்கள் பொதுவிதியை மறந்து விலக்கை மட்டும் மனப்பாடம் செய்துகொண்டன என்பதே எம் கருத்து. தோற்ற வழக்கிற்குரிய பயனை ஒவ்வொரு கிழவரும் தனித்தனியே வழக்காடிப் பெறுக என்று சொல்வது அரசுக்கு அழகன்று. நம் மாநில அரசு 2014-இலேயே பொது ஆணை பிறப்பித்ததை எண்ணும்போது இக்கருத்து எமக்கு வலுப்படுகிறது.

இனி, ஜூன் 30-இல் இத்தனை பேர் ஓய்வு பெறுவானேன் என்று எவரேனும் கேட்டீர்களா? பிரமன் ஜூன் மாதத்தில் மட்டும் மிகுதியாகப் படைத்தான் அல்லன். பள்ளிக்கூடம் திறப்பது ஜூன் மாதத்தில். பிறப்புச் சான்று இல்லாத பிள்ளை ஐந்து வயது நிரம்பியவனாக ஏட்டில் ஏற வேண்டும். ஆகவே அவன் ஐந்தாண்டுக்கு முந்திய மே மாதத்திலோ ஜூன் மாதத்திலோ பிறந்துவிடுவான். அவனைப் பிறப்பிப்பவர் ஆசிரியர்.

செயலாளர் சொல் எம்மைத் தைத்த காரணம் இதுவே.

2002-ஆம் ஆண்டு ஜூன் மாதம். யாம் ஒரு நடுநிலைப் பள்ளியில் தமிழாசிரியராகச் சேர்ந்து ஓராண்டே ஆகியிருந்தது. எம் கையெழுத்து நன்றாக இருக்கும் என்பதற்காகச் சேர்க்கைப் பதிவேட்டை எம்மிடம் கொடுத்திருந்தனர். கூலி வேலை செய்யும் ஒரு தாய் மகனைக் கையிற் பிடித்துக்கொண்டு வந்தார். “எப்போது பிறந்தான், அம்மா?” என்றோம். “தீபத்துக்கு மொத நாள், சாமி. மலைமேல கொப்பரை தூக்கிட்டுப் போறாங்க, எனக்கு அப்பத்தான் வலி கண்டுச்சு” என்றார். எந்த ஆண்டு என்று கேட்டு அறிந்துகொண்டோம், 1997. இதைவிடத் தெளிவாக ஒரு தேதியை எவர் சொல்ல முடியும்? கார்த்திகைத் தீபத்திற்கு முன்னாள். பழைய பஞ்சாங்கத்தைப் புரட்டினால் டிசம்பர் மாதத்தில் இன்ன நாள் என்று அக்கணமே தெரிந்துவிடும். திதியும் நட்சத்திரமும் பார்க்க அறிந்த யாம், அதனைச் செய்யவில்லை. செய்தால் பையனுக்கு நாலரை வயது, சேர்க்க முடியாது. வீட்டில் பார்த்துக்கொள்ள ஆளில்லை; பள்ளியில் மதிய உணவு கிடைக்கும் என்று அந்த அம்மையார் கண் கலங்கினார். யாம் 3-6-1997 என்று அழகான கையெழுத்தில் எழுதினோம். அன்று புண்ணியம் செய்ததாகவே நினைத்தோம்.

சென்ற தை மாதத்தில் ஓர் இளைஞர் எம் வீட்டிற்கு வந்து வணங்கினார். வேறு மாவட்டத்தில் இளநிலை உதவியாளராக நான்காம் ஆண்டு பணியில் இருக்கிறார். “ஐயா, என் பிறந்த நாள் ஜூன் மூன்று அல்ல என்று அம்மா சொல்லிக்கொண்டே இருப்பார். தாங்கள்தாம் எழுதினீர்கள் என்றும் சொன்னார். அம்மா இப்போது இல்லை” என்றார். அவர் 2057-ஆம் ஆண்டு டிசம்பர் 31-இல் ஓய்வு பெற வேண்டியவர். யாம் எழுதிய எழுத்தினால் ஜூன் 30-இல் வீட்டிற்குப் போவார். ஆறு மாதச் சம்பளம். அவ்வாறு மாதத்திற்குள் ஒரு பதவி உயர்வு வருவதாயின் அதுவும் இல்லை.

தமிழக விதிப்படி, பணியேற்ற 5 ஆண்டுகளுக்குள் விண்ணப்பித்தால்தான் பிறந்த தேதித் திருத்தத்தைக் கவனிப்பர். மத்திய அரசிலும் இக்கெடு அதுவே. 1993-ஆம் ஆண்டு ஹர்நாம் சிங் வழக்கில் உச்சநீதிமன்றம் இதனை உறுதி செய்தது. இவ்விதி கொடிது என்று யாமும் முதலில் நினைத்தோம். அதே 1993-ஆம் ஆண்டு செப்டம்பரில் தமிழக உள்துறைக்கும் கிருபாகரன் என்னும் அலுவலருக்கும் இடையே நடந்த வழக்கின் தீர்ப்பைப் படித்தபின் எம் எண்ணம் மாறியது. ஒருவர் தேதியைத் திருத்தி நீட்டித்தால், அவருக்குக் கீழே பல்லாண்டு காத்திருப்பவரின் பதவி உயர்வு நின்றுவிடும். அவருக்குக் கீழுள்ளவருடையதும் நின்றுவிடும். சங்கிலிபோல இது தொடரும் என்று அங்கே சொல்லப்பட்டது. ஓய்வு நாள் நெருங்கும்போது திடீரென்று ஜாதகம் எடுத்துக்கொண்டு வருபவரை நீதிமன்றங்கள் ஐயத்தோடு பார்ப்பதற்கு இதுவே காரணம். நாட்டின் தரைப்படைத் தலைவராயிருந்த வி.கே. சிங் அவர்கள் கதையும் நீங்கள் கேட்டதே. மெட்ரிக்குலேஷன் சான்றிதழில் 1951 மே 10. இளமையில் படைக்கல்லூரிக்கு எழுதிய விண்ணப்பத்தில் 1950 மே 10. 2012-ஆம் ஆண்டு பிப்ரவரியில் உச்சநீதிமன்றம் அவர் கட்சியை ஏற்க மனங்கொள்ளாமையால் மனுவைத் திரும்பப் பெற்றார். அவ்வாண்டு மே 31-இல் ஓய்வும் பெற்றார்.

நம் இளைஞருக்கு இன்று கீழே காத்திருப்போர் எவரும் இல்லை. கெடுவும் ஓராண்டிற்கு மேல் இருக்கிறது. ஆனால் வேறொரு முள் இருக்கிறது. நல்லெண்ணத்தோடு நேர்ந்த பிழை என்று காட்டினால்தான் திருத்துவர். அவருடைய நண்பர் ஒருவர், “ஆசிரியர் கைப்பிழையாக எழுதிவிட்டார் என்று கடிதம் வாங்கி வா” என்று சொல்லியனுப்பியிருந்தார். யாம் எழுதியது கைப்பிழை அன்று, தெரிந்தே எழுதியது. ஒரு பொய்யை நேராக்க மற்றொரு பொய்யை எழுதுவதா? உண்மையை எழுதினால் அது அவர் விண்ணப்பத்தைக் கெடுத்துவிடுமா? நாங்கள் இருவரும் திண்ணையில் நெடுநேரம் இருந்தோம். “தங்களுக்குத் தீங்கு வருமாயின் வேண்டா, ஐயா. ஆறு மாதம்தானே” என்றார் அவர். அச்சொல் எமக்குப் பொறுக்கவில்லை.

நடந்ததை நடந்தவாறே எழுதிக் கையெழுத்திட்டுக் கொடுத்தோம்: தாய் சொன்னது இது, யாம் எழுதியது இது, எழுதிய காரணம் இது, பையனுக்கு இதில் பங்கில்லை. சட்டம் அறிந்த நம் உறுப்பினர் ஒருவர் அக்கடிதத்தைப் பார்த்து, உண்மையைச் சொன்னதே நன்று, ஆனால் வெற்றி உறுதியில்லை என்றார். விடுபட்ட பிறப்பைக் காலங்கடந்து பதிவதற்கான மனுவும், பள்ளிச் சான்றிதழைத் திருத்துவதற்கான மனுவும், துறைக்குரிய விண்ணப்பமும் சென்றிருக்கின்றன. மறுமொழி இன்னும் வரவில்லை.

1-10-2023 முதல் நடைமுறைக்கு வந்த பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத் திருத்தத்தின்படி, அந்நாளிலும் அதற்குப் பின்னும் பிறந்த பிள்ளைகளுக்குப் பள்ளியில் சேரவும் அரசுப் பணியில் அமரவும் பிறப்புச் சான்றே பிறந்த நாளுக்குரிய ஆதாரம். ஆசிரியர் பிரமனாகும் காலம் முடிந்தது. எமக்கு அதில் மகிழ்ச்சியே. ஆனால் அதற்கு முன் பிறந்து இன்று எங்கள் வகுப்புகளில் இருக்கும் பிள்ளைகளின் தாய்மார்களுக்கு ஒரு வேண்டுகோள். பத்தாம் வகுப்புத் தேர்வுக்குப் பெயர் அனுப்பும் முன்னர்ப் பள்ளிக்கு வந்து ஏட்டையும் சான்றையும் ஒப்பிட்டுப் பாருங்கள். வெட்கப்பட வேண்டா.

உத்தியோகத்திலிருக்கும் இளைஞர்கள் தம் பணிப்பதிவேட்டைக் கண்ணாற் பாருங்கள். அது இப்போது ‘களஞ்சியம்’ என்னும் கணினி முறையிலும் ஏறியிருக்கிறது. பிறந்த தேதி, பணியேற்ற நாள், தகுதிகாண் பருவம் முடிந்த நாள், உயர்வு நாள் ஆகியவற்றைத் தனித்தாளில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். ஜூன் 30-இலோ டிசம்பர் 31-இலோ மத்திய அரசுப் பணியிலிருந்து ஓய்வு பெற்ற பெரியவர்கள், 1-5-2023 முதல் தமக்கு உயர்வு சேர்க்கப்பட்டிருக்கிறதா என்று ஓய்வூதிய ஆணையைப் பார்த்துக்கொள்க. மடித்துப் பெட்டியில் வைத்த கடிதத்தையும் எடுத்துவருக. மேலே சொன்ன அந்தப் பெரியவர் நேற்று அதனை எம்மிடம் கொடுத்துவிட்டார். அவர் பொருட்டு விண்ணப்பம் எழுதியாயிற்று. வருகிற ஞாயிற்றுக்கிழமை காலை சங்க நிலையத்தில் யாமும் நம் வழக்கறிஞர் உறுப்பினரும் இருப்போம். மூல ஆணை வேண்டா, நகல் போதும்.